ஃபைல் ஷாட்டில் இருந்த ஜெயராணி

1. மாடியேறி வந்தவர்

அந்தப் பெண் மாடிப்படி ஏறி வந்தபோது நான் டேப் ஓட்டும் டெக்கின் ஹெட்டைத் துடைத்துக்கொண்டிருந்தேன். திருப்பூரில் ஒரு லோக்கல் கேபிள் சேனலில் டேப் லைப்ரரியைப் பார்த்துக்கொள்ளும் வேலைக்குச் சேர்ந்து சில வாரங்கள்தான் ஆகியிருந்தன. காதர்பேட்டையில் ஒரு பனியன் குடோனின் மேல்மாடிதான் எங்கள் ஆபீஸ். கீழே பண்டல் கட்டுகிற சத்தமும் மேலே செய்தி வாசிக்கிற சத்தமும் நாள் முழுக்க ஒன்றோடொன்று போட்டி போடும்.

அவருக்கு முப்பது வயதுக்குள் இருக்கும். கழுத்தில் கம்பெனி ஐடி கார்டு தொங்கியது. தோளில் ஒரு பெண் குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது.

"டேப்பெல்லாம் வெச்சிருக்கிற எடம் இதானா சார்?"

"ஆமாங்க. என்ன வேணுமுங்க?"

"எம் மூஞ்சி வேணும்," என்றார்.

ஏதோ வம்பு என்று நினைத்தேன். சேனல் ஆபீஸ் என்றால் வம்புக்கு வருகிறவர்கள் உண்டு. பெரும்பாலும் கத்திக்கொண்டே படியேறுவார்கள். இவர் கத்தவில்லை. நாற்காலியைக் காட்டினேன். குழந்தை எழுந்துவிடாதபடி பார்த்து உட்கார்ந்து, நடந்ததை முதலிலிருந்து சொன்னார்.

பெயர் ஜெயராணி. திருச்செந்தூர் பக்கம் ஒரு கிராமம். கணவர் சேவியர் ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனியில் டெய்லர். இவர் வேறொரு கம்பெனியில் செக்கிங் செக்‌ஷன். முந்தின ஞாயிற்றுக்கிழமை சென்னையிலிருந்து ஒளிபரப்பாகும் ஒரு சேனலில் திருப்பூரைப் பற்றி அரை மணி நேர நிகழ்ச்சி ஒன்று வந்திருக்கிறது. பனியன் கம்பெனிப் பெண்களிடம் ஒரு நோய் பரவுகிறது என்று நிகழ்ச்சி. எல்லோரும் பயந்துகொண்டிருந்த, பெயரைக்கூடச் சொல்லத் தயங்கிய நோய். "இந்தப் பெண்களில் பலர் இன்று அந்த நோயைச் சுமந்தபடியே வேலைக்கு வருகிறார்கள்" என்று குரல் சொன்ன இடத்தில், திரை முழுக்க ஜெயராணியின் முகம். தலையைக் குனிந்து, துப்பட்டாவால் கண்ணைத் துடைக்கிறார்.

மறுநாள் காலை தண்ணீர்க் குழாயடியில் மற்ற பெண்கள் தங்கள் குடங்களை நகர்த்தி வைத்துக்கொண்டார்கள். மாதக் கடைசியில் காலி செய்துவிடு என்று வீட்டுக்கார அம்மா சொல்லிவிட்டார். கம்பெனியில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ள ஒரு அறை உண்டு. அங்கே இந்தக் குழந்தையைப் படுக்க வைத்தால் நாங்கள் எங்கள் பிள்ளைகளை எடுத்துக்கொண்டு போய்விடுவோம் என்று மற்ற தாய்மார்கள் நின்றுவிட்டார்கள்.

"அந்த ரூமை மொதலாளிகிட்ட கேட்டு வாங்குனதே நாந்தான் சார். இப்ப அங்க எம் பிள்ளைக்கு எடம் இல்லைங்காவ."

அதைச் சொல்லும்போதும் அவர் குரல் மாறவில்லை.

"படம் புடிச்சது உங்க கேமராக்கார பாய்தான். எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. ரூம் தொறக்கும்போது வந்தாவ. அன்னைக்கு நான் அழல சார். கண்ணுல பஞ்சு விழுந்துட்டு."

வருகிற ஞாயிற்றுக்கிழமை அதே நிகழ்ச்சியை மறு ஒளிபரப்பு செய்யப் போவதாகத் திரையில் எழுத்து ஓடுகிறதாம். அதற்குள் இரண்டு காரியம் நடக்க வேண்டும் என்றார். அந்த நிகழ்ச்சியிலிருந்து தன்னை எடுக்க வேண்டும். அன்றைக்குத் தான் பேசியதை எங்கள் சேனலில் போட வேண்டும்.

2. கொடுத்தது யார்

புதிதாக இந்த வேலைக்கு வருகிறவர்களுக்காக ஒன்றைச் சொல்ல வேண்டும். செய்திக்காக எடுத்த காட்சிகளில் மறுபடி பயன்படும் என்று தோன்றுவதைத் தனியாக ஒரு டேப்பில் சேர்த்து வைப்போம். ஃபைல் ஷாட் என்று பெயர். கம்பெனி கேட், ஓடும் மெஷின், ஷிஃப்ட் முடிந்து வெளியே வரும் பெண்கள், சாயப் பட்டறை வாய்க்கால் எல்லாம் அதில் இருக்கும். எங்களிடம் "திருப்பூர் ஜெனரல்" என்று ஒரு டேப் இருந்தது. சென்னை சேனல்களின் நிருபர்கள் வந்தால் அதிலிருந்து ஒரு காப்பி போட்டுக் கொடுப்பது வழக்கம். ஜெயராணியின் ஷாட் அதில் இருந்தது. நான் சேருவதற்கு முன்பே சென்னைக்குப் போயிருந்தது.

ஒரு ஷாட் ஃபைல் டேப்புக்குப் போனதும் அதன் கதை கழன்றுவிடும். குழந்தைகள் அறைத் திறப்பு விழாவில் கண்ணைத் துடைத்த பெண், வெறுமனே "கண்ணைத் துடைக்கும் பெண்" ஆகிவிடுவார். அதன் மேல் யார் எந்தக் குரலை வேண்டுமானாலும் ஏற்றலாம். அது எத்தனை பெரிய விஷயம் என்பது அன்றைக்கு அவர் எதிரே உட்கார்ந்திருந்தபோதுதான் எனக்கு உறைத்தது.

ஜெயராணியை எங்கள் சேனல் முதலாளியிடம் அழைத்துப் போனேன். அவருக்கு அனுப்பர்பாளையத்துப் பக்கம் நிட்டிங் கம்பெனி இருந்தது. சேனலை ஆசைக்காக நடத்தினார். நாங்கள் எல்லோரும் அவரை அண்ணா என்றுதான் கூப்பிடுவோம். முழுவதையும் கேட்டுவிட்டுச் சங்கடப்பட்டார்.

"ஏனுங்க அம்மிணி, போட்டது அவங்க. நாம என்னங்க பண்ண முடியும்?"

"குடுத்தது நீங்கல்லா சார்," என்றார் ஜெயராணி.

 அண்ணா அவரை வெளியே உட்கார வைத்துவிட்டு என்னிடம் சொன்னார்:

"அந்த அம்மிணியோட கம்பெனிக்காரரு நமக்கு வருசம் பூரா விளம்பரம் குடுக்கறவரு சம்பத்து. நேத்தே போன் பண்ணிப்போட்டாரு, இதையக் கிளற வேண்டாமுன்னு. வெளிநாட்டு பையர் காதுக்குப் போனா ஆர்டர் போயிருமுன்னு பயப்படறாரு. சென்னைக்காரங்க தயவும் நமக்கு வேணும். எதுக்கும் மொதல்ல அந்த டேப்பு இருக்குதான்னு பாரு. அது இல்லாம பேசி என்ன ஆகப்போகுது?"

இல்லாமல் இருந்தால் நல்லது என்று அவர் நினைத்த மாதிரி எனக்குப் பட்டது. ஆனாலும் தேடச் சொன்னார். அது போதுமாக இருந்தது.

3. தேருக்குப் பின்னால்

சிக்கல் இதுதான். செய்திக்காக எடுத்த முழு டேப்பை ரஷ் என்போம். அதிலிருந்து வேண்டியதை வெட்டி எடுத்ததும் அந்தக் கேசட்டை அடுத்த படப்பிடிப்புக்குக் கொடுத்துவிடுவோம். பழையதன் மேல் புதியது பதிவாகிவிடும். சின்ன சேனலில் அப்படித்தான் ஓட்ட முடியும். விழா நடந்து ஒரு வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது.

கேமராமேன் சலீம் பாயைக் கேட்டேன். அவருடைய அப்பாவுக்குக் காதர்பேட்டையில் பனியன் கடை. கடையைத் தம்பியிடம் விட்டுவிட்டுக் கேமராவைத் தூக்கியவர் பாய். கேட்டதுமே அவருக்கு நினைவு வந்துவிட்டது.

"நல்லாப் பேசுச்சு சம்பத் அந்தப் பொண்ணு. நான் ரொம்ப நேரம் எடுத்தேன். ஆனா நியூஸ்ல ரிப்பன் வெட்டுனது மட்டும்தான் போச்சு. அந்தக் கேசட்டு இப்ப எதுவா இருக்கோ."

எதுவாக இருக்கிறது என்று தெரியாததால் எல்லாவற்றையும் பார்க்க வேண்டியதாயிற்று. கேமராவில் போடுகிற சின்னக் கேசட்டுகள் அலமாரி முழுக்க இருந்தன. புதிய பதிவு பழையதைவிட நீளம் குறைந்ததாக இருந்தால், அது முடிகிற இடத்துக்குப் பிறகு பழையதன் வால் மிச்சமிருக்கும். அந்த வால்களைத்தான் தேடினோம். கல்யாண மண்டபத் திறப்பு, கட்சிக் கூட்டம், பள்ளி ஆண்டு விழா என்று ஒவ்வொன்றையும் கடைசிவரை ஓட்டினேன். படப்பிடிப்பு இல்லாத நேரத்தில் சலீம் பாயும் பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொள்வார். ஷிஃப்ட் முடிந்ததும் ஜெயராணி குழந்தையோடு வருவார். வாசலில் நின்று "கெடைச்சுதா சார்?" என்பார். இல்லை என்றால், நாளைக்கு வருகிறேன் என்று போய்விடுவார். கெஞ்சவுமில்லை, சலிக்கவுமில்லை.

வியாழக்கிழமை ஒரு தேர்த் திருவிழா டேப். தேர் நிலைக்கு வந்து நின்றது. பிறகு திரை நீலமானது. கொஞ்சம் புள்ளியும் இரைச்சலும். திரையோரம் நேரம் காட்டி ஓடும் டைம்கோட் எண் துள்ளிக் குதித்தது. அடுத்து ஒரு பெண்ணின் குரல் பாதி வார்த்தையிலிருந்து கேட்டது.

ஜெயராணிதான். கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் நின்ற பெண், "இரு, ஊதி விடுதேன்" என்று சிரித்துக்கொண்டே குனிகிறார். இருவரும் சிரிக்கிறார்கள். "செரி, இப்பச் சொல்லுங்க" என்று சலீம் பாயின் குரல். ஜெயராணி கேமராவை நேராகப் பார்த்துப் பேசினார்:

"பிள்ளைகள பக்கத்து வீட்ல விட்டுட்டு வேலைக்கு வருவோம். கை இங்க இருக்கும், மனசு அங்க கெடக்கும். பீஸ்ல ஓட்டை இருந்தாக்கூடக் கண்ணுக்குத் தெரியாது. அதான் மொதலாளிகிட்ட போயி, ஒரு ரூம் குடுங்க, ஒரு ஆயாவப் போடுங்க, பிள்ளை பக்கத்துல இருந்தா ரிஜெக்‌ஷன் கொறையும்னு சொன்னோம். முடியாது முடியாதுன்னுட்டே இருந்தாவ. ஒருநா எல்லாரும் பிள்ளைகளத் தூக்கிட்டே ஆபீசுக்குள்ள போயிட்டோம். ஒரே அழுகைச் சத்தம். மேனேஜர் காதைப் பொத்திக்கிட்டாரு. மறுவாரம் ரூம் ரெடி."

அன்று மாலை அவருக்குப் போட்டுக் காட்டினேன். அமைதியாகப் பார்த்தார். குழந்தைதான் திரையைக் காட்டி "அம்மா" என்றது.

"இதுக்கு முன்னால இன்னும் பேசுனேன் சார். அது இல்லையா?"

"இல்லீங்க. அது மேல தேரு பதிவாயிருச்சுங்க."

"செரி. சாமி காரியம்தான," என்று சிரித்தார். அவர் சிரித்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

அண்ணாவைக் கூப்பிட்டேன். நின்றுகொண்டே பார்த்தார். இன்னொரு முறை போடச் சொல்லி உட்கார்ந்து பார்த்தார். பிறகு ஜெயராணியிடம் திரும்பி, "இதையப் போடாம ரிப்பன் வெட்டுனதையப் போட்டிருக்கறோம் பாருங்க அம்மிணி," என்றார். என்னிடம், "நாளைக்கு நியூசுக்கு முன்னால போடு. ஒரு வாரத்துக்குப் போடு. வெட்டாமப் போடு. அந்தக் கம்பெனிக்காரருகிட்ட நான் பேசிக்கறேன்," என்றார்.

அந்த விளம்பரம் அதற்குப் பிறகு கொஞ்ச காலம் நின்றுதான் போனது. அண்ணா அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை.

உடனே சென்னைக்குப் போன் போட்டு, நாங்கள் எல்லோரும் கேட்கும்படி ஸ்பீக்கரில் வைத்தார். அந்த நிகழ்ச்சியின் ப்ரொட்யூசர் பேசினார். மரியாதையாகத்தான் பேசினார்.

"சார், அது ஒரு ஜெனரல் ஷாட். சில செகண்ட்தான் வருது. யார் முகம் யாருக்கு ஞாபகம் இருக்கப்போகுது?"

ஜெயராணி மேஜைக்குக் கிட்டே வந்தார்.

"எங்க வீட்டுக்காரம்மாவுக்கு ஞாபகம் இருக்கு சார். ஊர்ல எங்க அத்தைக்கு ஞாபகம் இருக்கு. கொழாயடியில எல்லாருக்கும் ஞாபகம் இருக்கு."

 ஒளிபரப்புக்கான மாஸ்டர் டேப் முடிந்துவிட்டது, மறுபடி எடிட் செய்ய நேரமில்லை, வேண்டுமானால் சனிக்கிழமை வந்து பாருங்கள் என்று ப்ரொட்யூசர் சொன்னார்.

4. சென்னையில்

சனிக்கிழமை விடியற்காலை ரயிலில் கிளம்பினோம். ஜெயராணி, சேவியர், குழந்தை, நான். நான் மட்டும் போய் வருவதாகத்தான் சொன்னேன். "மூஞ்சிய நேர்ல பாத்தா இல்லைன்னு சொல்ல மாட்டாவ" என்று அவர் கிளம்பிவிட்டார். ஊத்துக்குளி தாண்டும்போதே குழந்தை தூங்கிவிட்டது. ஜெயராணி ஈரோடு வரை என்னிடம் வேலையைப் பற்றிக் கேட்டுக்கொண்டே வந்தார். முடிந்துபோன டேப்பில் நடுவில் ஒன்றை மட்டும் மாற்ற முடியுமா என்பதுதான் அவருடைய முக்கியமான கேள்வி.

முடியும். இன்சர்ட் எடிட் என்று அதற்குப் பெயர். ஒரு ஷாட்டை அதே நீளமுள்ள இன்னொரு ஷாட்டால் மூடிவிடலாம். குரல் அப்படியே இருக்கும், படம் மட்டும் மாறும். மறுபடி எடிட் செய்ய வேண்டியதில்லை. அதற்காக என் பையில் ஒரு டேப் வைத்திருந்தேன். நிட்டிங் மெஷினில் ஊசிகள் ஏறி இறங்குவது, நூல் கோன் சுற்றுவது, துணி உருளையாக விழுவது என்று எல்லாம் மெஷின்.

ப்ரொட்யூசர் நான் நினைத்ததைவிட இளைஞர். வாரம் ஒரு நிகழ்ச்சி முடித்துக் கொடுக்கிற அவசரத்தில் கண் சிவந்திருந்தது. ஜெயராணியைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்து எழுந்து நின்றுவிட்டார். அவர் கண் குழந்தையிடம் போய், மறுபடி ஜெயராணியிடம் வந்தது.

"உக்காருங்கம்மா. தப்புதான். முகத்தை ப்ளர் பண்ணிடறேன். யாருன்னே தெரியாது."

"வேண்டாம் சார்."

"ஏம்மா? உங்களுக்கு நல்லதுதானே?"

"மூஞ்சிய மறைச்சா, நான் எதையோ மறைக்கேன்னு ஆயிரும். அந்த நோய் வந்தவளும் மனுசிதான். அவ மூஞ்சியா இருந்தாலும் அவளக் கேட்டுட்டுத்தான போடணும். கேக்காம போட்டுட்டு அப்புறம் மறைச்சா எப்படி?"

ப்ரொட்யூசர் என்னைப் பார்த்தார். இன்சர்ட் எடிட் யோசனையைச் சொன்னேன். ஒப்புக்கொண்டார். எடிட் அறைக்குள் போனோம். நான் டேப்பை எடுப்பதற்குள், அங்கிருந்த எடிட்டர் தன்னிடம் ஏற்கெனவே இருந்த திருப்பூர் காட்சிகளிலிருந்து ஒன்றைத் திரைக்குக் கொண்டுவந்தார். ஷிஃப்ட் முடிந்து கேட்டைத் தாண்டி வரும் பெண்கள்.

"இது நீளம் சரியா இருக்கு. லாங் ஷாட்தான், முகம் சின்னதாத் தெரியும். போட்டுடலாமா?"

ப்ரொட்யூசர் தலையாட்டினார். ஜெயராணி எழுந்து திரைக்குப் பக்கத்தில் போனார்.

"நிப்பாட்டுங்க. இது மல்லிகாக்கா. இது கலா. ரெண்டு பேரும் எங்க செக்‌ஷன். என்னைய எடுத்துட்டு இவங்களப் போடுதியளா?"

"அம்மா, இவ்வளவு தூரத்துல யாருன்னு யாருக்கும் தெரியாது."

"எனக்குத் தெரியுதுல்லா."

சேவியர் மெதுவாக, "ஜெயா, நம்ம வந்த வேலை முடிஞ்சிட்டு. கெளம்புவோம்," என்றார். அவர் சொன்னதில் தப்பில்லை. மாலைக்குள் டேப் ஒளிபரப்புக்குப் போக வேண்டும். இதில் பிடிவாதம் பிடித்தால் எல்லாமே நின்றுபோகலாம் என்று நானும் பயந்தேன். கலாவும் மல்லிகாவும், அந்த வாரம் ஜெயராணியின் குழந்தைக்குப் பக்கத்தில் தங்கள் பிள்ளைகளைப் படுக்க வைக்க மாட்டோம் என்று நின்றவர்களில் இருந்தவர்கள். ரயிலில் அவரே சொல்லியிருந்தார்.

"வந்த வேலை இன்னும் முடியல," என்றார் ஜெயராணி.

நான் என் டேப்பைக் கொடுத்தேன். எடிட்டர் மெஷின் ஷாட்டைப் போட்டார். குரல் ஓடியது, கீழே ஊசிகள் ஏறி இறங்கின. யாருடைய முகமும் இல்லை. ப்ரொட்யூசர் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, அவராகவே, "ஆரம்பத்துல இருந்து ஓட்டுங்க" என்றார். முழு நிகழ்ச்சியையும் உட்கார்ந்து பார்த்தோம். நோயைப் பற்றிய வரிகளுக்கு மேல் எங்கெல்லாம் ஒரு பெண்ணின் முகம் வந்ததோ அங்கெல்லாம் ஜெயராணி கையைத் தூக்கினார். அங்கெல்லாம் ஊசியும் நூலும் துணியும் ஏறின. கடைசியில் என் டேப்பில் இருந்த மெஷின் ஷாட்டுகள் தீர்ந்துபோய், ஒரே கோனை இரண்டு இடத்தில் சுற்றவிட்டோம்.

"பலர்னு சொல்லுதியளே, எத்தன பேருன்னு உங்களுக்குத் தெரியுமா சார்?" என்று கிளம்பும்போது கேட்டார். தெரியாது என்று ப்ரொட்யூசர் ஒப்புக்கொண்டார். அந்த வரியை மாற்ற அன்று நேரம் இருக்கவில்லை. அது அப்படியேதான் ஒளிபரப்பானது.

5. பிறகு

எல்லாம் சரியாகிவிட்டது என்று சொல்ல மாட்டேன். அவர் பேசியது எங்கள் சேனலில் ஒரு வாரம் ஓடியது. வீட்டுக்கார அம்மா, சரி இருந்துகொள் என்றார். ஜெயராணி இருக்கவில்லை. வேறு இடம் பார்த்துக்கொண்டு போனார். குழந்தைகள் அறையில் ஆயாதான் முதலில் குழந்தையை வாங்கி மடியில் போட்டுக்கொண்டாராம். சில நாட்களில் மற்றவர்களும் எதிர்க்காமல் விட்டுவிட்டார்கள். யாரும் மன்னிப்புக் கேட்கவில்லை.

சென்னையில் நடந்ததைக் கலாவிடமும் மல்லிகாவிடமும் சொன்னாரா என்று பின்னால் ஒருநாள் கேட்டேன்.

"எதுக்கு சொல்லணும்ணே? சொன்னா பயந்துருவாளுவ. அதான் ஒண்ணும் ஆகலல்லா."

இந்தத் தொழிலில் பெரிய டைரக்டர்களோடு வேலை செய்திருக்கிறேன். அவர்களிடம் கற்றுக்கொண்டது நிறைய. ஆனால் என் வேலையின் மையம் எது என்று எனக்குக் காட்டியவர் ஜெயராணிதான். அதற்குப் பிறகு, யார் ஒரு முகத்தைக் கேட்டு வந்தாலும், அதன் மேல் என்ன பேசப்போகிறீர்கள் என்று கேட்காமல் நான் டேப்பைத் தொட்டதில்லை. சிலர் கோபித்துக்கொண்டு வேறு ஆளைத் தேடிப் போயிருக்கிறார்கள். அண்ணா இருந்தவரை, "போனாப் போறாங்க, உடு" என்பார். காட்சியில் இருப்பவர் உயிரோடு இருக்கிறார், எங்கோ குழாயடியில் வரிசையில் நிற்கிறார் என்ற நினைப்பு நம் தொழிலில் இருக்கிறவர்களுக்கு வேண்டும். மற்றதெல்லாம் பழகிக்கொள்ளலாம்.

சில வருடங்கள் கழித்து நான் சென்னைக்கு வந்துவிட்ட பிறகு, வேலை செய்யும் தாய்மார்களைப் பற்றி ஒரு ஆவணப்படம் எடுத்தவர்கள் அந்தக் குழந்தைகள் அறைக் காட்சியைக் கேட்டார்கள். ஜெயராணிக்குப் போன் செய்தேன். அப்போது அவர் வேறொரு கம்பெனியில் சூப்பர்வைசர். பின்னால் மெஷின்களின் இரைச்சல் கேட்டது.

"மேல என்ன பேசப்போறாவண்ணே?"

டைரக்டர் எழுதியிருந்ததைப் படித்துக் காட்டினேன். "படிப்பறிவில்லாத ஒரு பெண், தன் குழந்தைக்காக..." என்று தொடங்கியது.

"நான் பத்தாவது பாஸ்," என்றார் ஜெயராணி. "கணக்குல எம்பத்தி ஏழு."

டைரக்டரிடம் சொல்லி அந்த வார்த்தையை எடுக்க வைத்துவிட்டு மறுபடி போன் செய்தேன். முழுவதையும் இன்னொரு தரம் படிக்கச் சொன்னார். படித்தேன். குறுக்கே பேசாமல் கடைசி வரி வரை கேட்டார்.

"இப்ப போடுங்க," என்றார்.